சோறு போடாத மகள் என்றாயே

என் அன்புக்குரிய, பொய் சொன்ன அம்மாவுக்கு,

கருமாதி முடிந்தது. உனக்குப் பிடித்ததையெல்லாம் சமைத்து அக்கா உன் படத்துக்கு முன்னால் படைத்தாள். பக்கத்துக் காம்பரா வீட்டுச் சின்னம்மா எட்டிப் பார்த்து, "உசிரோட இருக்கையில போடல, இப்ப படைக்கிறாளாம்" என்றார். அக்கா காதில் விழாதது போல இலையைத் துடைத்தாள். அந்தப் பேச்சை லயத்து வீடுகள் முழுக்கப் பரப்பியது நீதான்.

பக்கவாதத்தில் நீ விழுந்ததும் அக்கா தோட்டத்தில் தேயிலைக் கொழுந்து எடுக்கப் போவதை நிறுத்தினாள். குளிப்பாட்டினாள், புரட்டிப் படுக்க வைத்தாள், ஊட்டினாள். உன் வாயைத் துடைத்துவிட்டு அவள் தண்ணீர் எடுக்கப் போனதும், வாசலில் போகிறவர்களைக் கூப்பிட்டு, "பட்டினி போடுறாப்பா" என்பாய். மறதி என்றார் டாக்டர். நானும் நம்பினேன். நான் ஃபிரிட்ஜ் திருத்துகிறவன். பழுதென்றால் பழுது, அதன்மேல் கோபப்பட என்ன இருக்கிறது?

பிறகு வட்டவளையிலிருந்து அக்காவைப் பெண் பார்க்க வந்தார்கள். மாப்பிள்ளையின் அம்மா உன் கட்டிலோரம் உட்கார்ந்து, "ஒடம்பு எப்படிங்க இருக்கு?" என்று கேட்டார். நீ அவர் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாய். "ஒரு வாய் சோறு குடுங்கம்மா. எம்மக எனக்குப் போடுறதில்ல."

தேத்தண்ணியைத் தொடாமலே எழுந்தார்கள். "பெத்தவளுக்கே போடாதவ, நாளைக்கு எனக்கு என்னத்தப் போடுவா?" என்று அந்த அம்மா கேட்டது எல்லார் காதிலும் விழுந்தது.

அவர்கள் படி இறங்கியதும் அக்காவைக் கூப்பிட்டாய். "போயிட்டாங்களா? மத்தியானம் நான் தின்ன கருவாட்டுக் கொழம்பு மிச்சம் இருக்கா?"

கதவருகில்தான் நின்றேன், அம்மா. மறதி அல்ல அது. அக்கா அதையும் சூடாக்கி ஊட்டினாள்.

அவள் போய்விட்டால் உன்னை யார் புரட்டுவது என்ற பயமா? சொல்லியிருக்கலாமே. போகாதே என்று ஒரு வார்த்தை கேட்டிருந்தால் அவள் போயிருக்கவே மாட்டாள். கேட்பதைவிட அவள் காலை ஒடிப்பது உனக்குச் சுலபமாக இருந்ததா? என்னிடம் மட்டும் உன் வேலையைக் காட்டவில்லை. நான் எழுந்து போய்விடுவேன் என்று உனக்குத் தெரியும். விட்டுப்போக முடியாதவளைத்தான் கடித்தாய்.

இப்போது மாப்பிள்ளை திரும்பவும் கேட்டு அனுப்பியிருக்கிறார். அவருடைய அம்மாதான் பிடிகொடுக்கவில்லையாம். நடந்ததைப் போய்ச் சொல்கிறேன் என்றேன். அக்கா சீறினாள். "செத்தவள பொய்க்காரியாக்கிட்டு எனக்கு ஒரு தாலியா? வாய மூடுடா."

மூட மாட்டேன். ஞாயிற்றுக்கிழமை வட்டவளைக்குப் போகிறேன். ஒன்றையும் மறைக்காமல் சொல்வேன். உன் பெயர் கெடும். கெடட்டும். நீ இனி எந்த வீட்டிலும் போய் வாழப்போவதில்லை. அவள் வாழ வேண்டும்.

இப்படிக்கு,
அக்காவின் தம்பி,
அதற்குப் பிறகுதான் உன் மகன்.