வெறும் நாள்

நடைக்கணக்கு: மணல் மாதம், ஒன்பதாம் நடை

அன்புள்ள அக்காவுக்கு,

உன் மகளைப் பற்றிக் கவலைப்படாதே. கால் கொப்புளம் ஆறிவிட்டது, வாய்தான் ஓயவில்லை. வாயாடி என்று நாம் வைத்த பெயர் யாத்திரைக் கூட்டம் முழுக்கப் பரவிவிட்டது. முன்னால் நடக்கிற பெரியவர் ஒருவர் காதில் பஞ்சு வைத்துக்கொண்டார். "எனக்கும் கொஞ்சம் குடுங்க, என் பேச்சு எனக்கே தாங்கல" என்று அவரிடமே கேட்கிறாள்.

என் தேதி புரியவில்லை என்று சண்டை போடுவாயே. காலையில் நான் மணி அடித்து, கூட்டம் நடந்தால்தான் எங்களுக்கு அது ஒரு நாள். புயலுக்கோ காய்ச்சலுக்கோ நின்றுவிட்டால் அது வெறும் நாள். அன்றைக்கு நடந்தது எதுவும் நடந்ததாகாது. மணல்காற்றில் முடங்கியபோது ஒரு புருஷனும் பெண்டாட்டியும் இனி முகத்திலேயே முழிப்பதில்லை என்று சத்தியம் செய்தார்கள். மறுநாள் மணி அடித்ததும் ஒரே போர்வையை ஆளுக்கொரு முனை பிடித்து மடித்தார்கள்!

மலையடிவாரம் வந்துவிட்டோம். கூட்டத்தில் இருமல் அதிகமாகிறது. நீ உன் தோள்வலிக்கு ஒத்தடம் கொடு.

உன் தம்பி
மணிக்காரன்

ஊர்க்கணக்கு: குளிர் மாதம், இருபதாம் தேதி

தம்பி,

கயிற்றுக்கூடத்தில் புரி முறுக்கிக்கொண்டிருந்தேன். உங்களுக்குச் சாமான் ஏற்றிவரும் கழுதைக்காரர் வந்து நின்றார். கடிதம் கொடுப்பார் என்று கையைத் துடைத்துக்கொண்டு போனேன்.

"மணி அடிச்சு எல்லாரும் ஏறிட்டிருந்தோம்மா. உன் பொண்ணு சரிவுல உக்காந்தா, எந்திரிக்கல. தலைவர் உன் தம்பி காதுல ஏதோ சொன்னாரு. அவரு மணியத் திருப்பி அடிச்சாரு. அன்னிக்கு நாளே இல்லைன்னு ஆயிருச்சு" என்றார்.

ஊர் மண்டபத்துக்கு ஓடினேன். இறந்தவர்களைப் பொறிக்கும் பெயர்ச்சுவரில் அவள் பெயரை வெட்ட வேண்டும் என்றேன். எழுத்தர் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. "நாள் இல்லாம வெட்ட முடியாதும்மா. உங்க பொண்ணு இருக்காங்கன்னுதான் அர்த்தம்." வீட்டில் வந்து அழுதால், உயிரோடு இருக்கிற பிள்ளைக்கு அழாதே என்று பக்கத்து வீட்டுக்காரி அதட்டுகிறாள்.

எனக்கு வேறொன்றும் வேண்டாம். அவள் எந்த நாளில் போனாள், அதை மட்டும் சொல்.

அக்கா

நடைக்கணக்கு: பனி மாதம், ஏழாம் நடை

அக்கா,

நானே எழுதியிருக்க வேண்டும். பல தடவை எழுதிக் கிழித்தேன்.

அன்று காலையிலிருந்து அவள் பேசவில்லை. அதுவே எனக்கு உறைத்திருக்க வேண்டும். "மாமா, நீங்க போங்க, நான் கொஞ்சம் உக்காந்துட்டு வரேன்" என்றாள். சரி என்று ஏறிவிட்டேன். திரும்பிப் பார்த்தபோது தலை சாய்ந்திருந்தது. கற்களை அடுக்கி நானே மூடினேன்.

நாளை மட்டும் கேட்காதே. நடையில் ஓர் உயிர் போனால் பாதை அறுந்தது என்பது விதி. எல்லாரும் திரும்ப வேண்டும். மலைமேல் கோயில் வாசல் திறப்பது பன்னிரண்டு வருஷத்துக்கு ஒரு முறை. கால் இல்லாதவர்கள்கூடத் தவழ்ந்து வருகிறார்கள். இந்தப் பனியில் எப்படித் திரும்புவது? அவளுக்கு முன்பும் சிலர் போனார்கள். ஒவ்வொருவருக்கும் மணியைத் திருப்பித்தான் அடித்தேன். "தெய்வத்துக்கு ஒரு நாள் குறைஞ்சா என்னப்பா?" என்கிறார் தலைவர்.

தம்பி

ஊர்க்கணக்கு: குளிர் மாதம், கடைசித் தேதி

தம்பி,

அவளுக்கு முன்பு போனவர்கள் யார் யார் என்று கழுதைக்காரரிடம் கேட்டேன். தயங்கித் தயங்கிச் சொன்னார். அதில் ஒருவனுடைய தாய் எனக்கு எதிர் வரிசையில் நின்று கயிறு திரிக்கிறவள். நேற்று மகனுக்குக் கம்பளிக் காலுறை பின்னிக் கொண்டுவந்து காட்டினாள். "அளவு சரியா இருக்குமா அக்கா?" என்றாள். இருக்கும் என்றேன்.

அவளுக்கு நான் இன்னும் எவ்வளவு காலம் இந்தப் பதிலைச் சொல்ல வேண்டும்? அதையாவது எழுது.

அக்கா

தேதி போட என்னிடம் மணி இல்லை

அக்கா,

சொல்லிவிட்டேன். விடியற்காலையில் எல்லாரையும் கூட்டி, மறைத்த நாள்களையெல்லாம் பெயரோடு சொன்னேன். உன் மகள் போனது பனி மாதம், மூன்றாம் நடை.

சிலர் காலில் விழுந்து அழுதார்கள். சிலர் அடித்தார்கள். தலைவர் மணியைப் பிடுங்கிக்கொண்டார். ஆனாலும் விதி விதிதான், கூட்டம் திரும்பியது. இறங்கும்போது சரிவு உடைந்தது. நம் தெருத் தச்சரும் இன்னும் நால்வரும் அதோடு போய்விட்டார்கள். மிச்சப் பேர் கணவாய்க்குக் கீழே ஒரு பாறை மறைவில் கிடக்கிறோம். வழி மூடிக் கிடக்கிறது, கழுதைக்காரர் மட்டும் எப்படியோ ஊர்ந்து வந்தார். ரொட்டி தீரப்போகிறது.

நான் செய்தது சரியா அக்கா? நீயாவது சொல்.

தம்பி

ஊர்க்கணக்கு: பனிக்கடை மாதம், பத்தாம் தேதி

தம்பி,

பெயர்ச்சுவரில் வெட்டிவிட்டார்கள். அவள் பெயரை விரலால் தடவிப் பார்த்து, அங்கேயே உட்கார்ந்து அழுதேன். காலுறை பின்னியவளும் என் பக்கத்தில் உட்கார்ந்து அழுதாள். யாரும் எங்களை அதட்டவில்லை.

வெளியே வந்தபோது தச்சர் மனைவி என் முகத்தில் துப்பினாள். துடைத்துக்கொண்டேன். என் மகளுக்கு ஒரு நாள் கேட்டேன், அவள் புருஷன் போய்விட்டார். சரியா என்று என்னைக் கேட்காதே. எனக்கே தெரியவில்லை. உன்மேல் உள்ள கோபமும் ஆறவில்லை.

கூடத்தில் இருக்கிற வடங்களையெல்லாம் எடுத்துக்கொண்டோம். நாளைக்குக் கிளம்புகிறோம். தச்சர் மனைவியும் வருகிறாள். என்னோடு பேச்சில்லை, ஆனால் கனமான வடத்தை அவள்தான் தோளில் போட்டிருக்கிறாள். இதைக் கழுதைக்காரர் எங்களுக்கு முன்னால் கொண்டுவருகிறார்.

கணவாய் மேலிருந்து வடம் விழும், நாங்கள் மேலே இழுப்போம். நடக்க முடியாதவர்களை இடுப்பிலும் தோளிலும் சேர்த்துக் கட்டு. முதலில் பிள்ளைகள், பிறகு நோயாளிகள், பிறகு மற்றவர்கள்.

நீ கடைசியாக ஏறு.

அக்கா