என் மேல் நானே போட்ட வழக்கு

நகரி,
மார்கழி 5

அன்புள்ள சிவசங்கரிக்கு,

நலம். குவைத்தில் நீயும் நலமாய் இருப்பாய் என்று நம்புகிறேன். முதலில் வெட்கத்தைச் சொல்லிவிடுகிறேன். உன் புருஷன் உயர் நீதிமன்றத்தில் தன் மேலேயே கேஸ் போட்டிருக்கிறான். போனில் சொன்னால் நீ வேலை செய்கிற வீடு முழுக்கக் கேட்கும்படி சிரிப்பாய். அதனால்தான் லீவு முடிந்து அங்கே திரும்புகிற சபீனா கையில் இந்தக் கடிதம்.

மணல் இல்லாமல் நம் புது வீட்டுப் பூச்சு வேலை நிற்பது உனக்குத் தெரியும். ஊர் டிராக்டர்கள் ஆற்றில் இறங்கக் கூடாது, பர்மிட் கிடையாது என்று உத்தரவு வந்ததும், டிராக்டர்காரர்கள் நாங்கள் சேர்ந்து அதை எதிர்த்து ரிட் மனு போட்டோம். டீக்கடையில் பேப்பரை நீட்டினார்கள், கையெழுத்துப் போட்டேன். அடுத்த வாரம் உன் அண்ணன் எத்திராஜ் வேறொரு பேப்பரோடு வந்தார். ஆற்றை இன்னும் தோண்டினால் போர்வெல்லில் காற்றுதான் வரும், தடையை எடுக்கவே கூடாது என்று விவசாயிகளின் கேஸ். நம் போரிலும் தண்ணீர் விட்டு விட்டுத்தான் வருகிறது. அது போக, நான் வைத்த கறிக்குழம்பைக் குறை சொல்லாமல் சாப்பிட்ட ஒரே மனிதர் அவர். எப்படி மறுப்பது? அதிலும் போட்டேன்.

இரண்டையும் ஒன்றாக விசாரித்தார்கள். பொங்கலுக்கு நீ வருவதற்குள் பூச்சு முடிய வேண்டுமே என்ற கவலையில் நானும் அமராவதி ஹைகோர்ட்டுக்குப் போய்க் கடைசி பெஞ்சில் உட்கார்ந்தேன். அரசு வக்கீல் எழுந்து, மணல் கேட்கிறவரும் மணலைத் தொடாதே என்கிறவரும் ஒரே சடகோபன் என்றார். அப்பா பெயர், கதவு எண் வரை படித்தார். கோர்ட்டே சிரித்தது. யாரோ ஒரு முட்டாளைப் பார்த்துச் சிரிப்பது போல நானும் சிரித்து வைத்தேன். எங்கள் டிராக்டர் வக்கீல் ரங்கையா மட்டும் அசரவில்லை. இந்த ஆளுக்கு வீடும் வேண்டும், தண்ணீரும் வேண்டும், ஊரில் எல்லோர் நிலைமையும் இதுதான் என்றார். நீதிபதி பேனாவை எடுத்து எழுத ஆரம்பித்தார்.

கிணறுகள் இருக்கிற பக்கம் யாரும் தொடக் கூடாது. அதைத் தாண்டி, மெஷின் வைக்காமல், சொந்த வீட்டுத் தேவைக்கு டிராக்டரில் அள்ளலாம் என்று இடைக்கால உத்தரவு. இரண்டு கேஸிலும் பாதி பாதி ஜெயித்தேன். கூட்டினால் முழுசாய் ஒன்று. திரும்பும்போது பஸ்ஸில் உன் அண்ணன், "இன்னா மாப்ள, எம் பொண்ணு கல்யாணத்துலயே ரெண்டு பந்தியிலயும் குந்திக்கினு துன்ன ஆளாச்சே நீ" என்றார். ஆனால் ஜன்னலோர சீட்டை எனக்குத்தான் கொடுத்தார்.

திங்கட்கிழமை பச்சையப்பன் மேஸ்திரி வேலை தொடங்குகிறார். உன் அறையை முதலில் பூசச் சொல்லியிருக்கிறேன். போன வருஷம் போல லீவைத் தள்ளிப் போடாதே. கோர்ட்டில் இரண்டு ஆளாய் நின்றுவிட்டேன். வீட்டில் ஒற்றை ஆளாய் இருக்கத்தான் இன்னும் பழகவில்லை.

பத்திரமாய் வந்து சேர்.

வாசலைப் பார்த்தபடி,
சடகோபன்

பி.கு.: மேஸ்திரி சாமான் வைக்க இடம் வேண்டுமென்று நேற்று பின்பக்கம் வைக்கோல் போரைப் பிரித்தேன். அடியில், அஸ்திவாரம் போட்டபோது மிஞ்சிய மணல் அப்படியே இருக்கிறது. "பின்பக்கம் பாருங்க" என்று நீ போனில் சொல்லிக்கொண்டே இருந்தது இதைத்தானா? மொத்தப் பூச்சுக்கும் அது போதும் என்கிறார் பச்சையப்பன்.