அவள் திரும்பி வந்தாளா?

குரோய்டன்
02.11.2025

அன்புள்ள ஜெகா,

நான் சுகம். நீரும் மகள் லக்‌ஷிகாவும் சுகமென்று நம்புகிறேன். நீர் லக்‌ஷிகா வீட்டுக்குப் போய் ஐந்து மாதம். போன் எடுத்தால் வைத்துவிடுகிறீர், அதனால் எழுதுகிறேன். நான் முகம் கொடுத்துக் கதைப்பதில்லை என்பதுதான் உமது குறை. ஐயோ, கலியாணம் கட்டிய நாள் முதல் நான் அப்படித்தானே?

லண்டனுக்கு வரமுன், சுவீடனில் முதல் குளிர்காலம், அகதி முகாம் டீவியில் வெள்ளிதோறும் பார்த்தோமே, ஒரு புருஷன் பெண்சாதி நாடகம்? அப்போதே பழசு. இப்போது கீழே ஆங்கில எழுத்தோடு இணையத்தில் வந்திருக்கிறது. லிங்கை மகளுக்கு அனுப்பியிருக்கிறேன். கடைசிப் பகுதியைப் பாரும். புருஷனை விட்டுப் போன அந்த மனுசி எல்லாவற்றையும் மறந்து பெட்டியோடு வீட்டுக்கு வந்தாள். நீரும் வாரும்.

உமது
தேவராசா

சட்டன்
09.11.2025

லக்‌ஷிகாவின் அப்பாவுக்கு,

ஆறு பகுதியும் ஒரே நாளில் பார்த்தேன். "அம்மா, சாப்பிட எழும்புங்கோ" என்று மகள் இரண்டு தரம் கத்தினாள்.

அந்த மனுசி திரும்பி வரவில்லை. பெட்டியோடு வருவது மிச்ச உடுப்பை எடுக்க. இருவரும் கோப்பி குடிக்கிறார்கள், பிள்ளையின் பள்ளிக்கூடத்தைப் பற்றிக் கதைக்கிறார்கள். பிறகு அவள் தன் வீட்டுக்குப் போகிறாள். சந்தோஷமாகத்தான் போகிறாள்.

அப்போது சுவீடிஷ் மொழி வகுப்புக்குப் போனவர் நீங்கள். கைக்குழந்தையோடு இருந்த எனக்கு ஒரு சொல்லும் விளங்காது. அவர்கள் பேசியதெல்லாம் நீங்கள் சொல்லித்தான் கேட்டேன். "பாரும், வந்திட்டாள். இனிப் போகமாட்டாளாம்" என்றீர்கள். உங்களோடு இனி வாழ ஏலாது என்று, பாரிசிலிருந்த அக்காவிடம் போக நான் உடுப்பு அடுக்கிய கிழமை அது.

உங்களுக்கு விளங்கவில்லையா, பொய் சொன்னீர்களா? அதை மட்டும் எழுதுங்கள்.

ஜெகதீஸ்வரி

குரோய்டன்
14.11.2025

ஜெகா,

வடிவாக விளங்கியது. பொய்தான். ஆனால் சத்தியமாகச் சொல்கிறேன், காலம் போகப் போக நானே அதை நம்பிவிட்டேன். இல்லாவிட்டால் உம்மைப் பார்க்கச் சொல்லியிருப்பேனா? நேற்று நானும் பார்த்தேன். வெட்கமாகிவிட்டது. நீர் போய்விடுவீர் என்று அன்றைக்குச் சரியான பயம்.

தேவராசா

சட்டன்
20.11.2025

லக்‌ஷிகாவின் அப்பாவுக்கு,

உண்மையை எழுதியது நல்லது. எனக்குக் கோபமில்லை. கவுன்சில் இங்கே ஓர் அறையுள்ள வீடு தந்திருக்கிறது. திங்கட்கிழமை போகிறேன். பிரஷர் குளிசையை நேரத்துக்கு எடுங்கள்.

அன்றைக்கு நீங்கள் நாடகத்தின் முடிவைச் சரியாகச் சொல்லியிருந்தாலும் நான் நின்றிருப்பேன். "போகாதையும் ஜெகா" என்று ஒரு வார்த்தை போதும். அதைச் சொல்ல உங்களுக்கு ஒரு வெள்ளைக்காரி தேவைப்பட்டாள். இந்த முறையும் அவளைத்தான் அனுப்பினீர்கள்.

ஜெகதீஸ்வரி