வாய்க்கரிசியும் அரிசிதானாம்

சிம்பாங் அம்பாட், மலாக்கா
ஆகஸ்ட் 1953

அன்பு மகன் பாலகிருஷ்ணனுக்கு அம்மா எழுதுவது. இங்கே நானும் அப்பாவும் தங்கச்சி கோமளாவும் குறையில்லாமல் இருக்கிறோம். மாரியம்மன் புண்ணியத்தில் நீயும் தாப்பாவில் முழு உடம்போடு இருக்க வேண்டும். முழு உடம்போடு என்று எழுதியதைப் பார்த்து உன் அப்பா முகத்தைச் சுளிக்கிறார், அபசகுனமாம். துப்பாக்கியை மாட்டிக்கொண்டு தோட்டத்துக் கேட்டில் நிற்கிற பிள்ளையை வேறு எப்படித்தான் விசாரிப்பது? நீ அனுப்பிய படம் வந்து சேர்ந்தது. ஸ்பெஷல் கான்ஸ்டபிள் உடுப்பு எடுப்பாகத்தான் இருக்கிறது, தொப்பிதான் பெரிசு, நெற்றியை மூடிக் கண்ணையும் மறைக்கிறது. பார்க்கிறவர்கள் எல்லாம் இது யார் என்று கேட்கிறார்கள். கோமளா இந்த வருடமும் வகுப்பில் முதலாவது. அப்பாவுக்கு முழங்கால் வலி அப்படியேதான், தைலம் தேய்த்தால் இரண்டு நாள் நடக்கிறார், பிறகு ரப்பர் மரத்துக்கு மரம் நின்று நின்று போகிறார், வேலை வாங்குகிற தண்டல் பின்னாலேயே நின்று கத்துகிறான்.

துக்கச் செய்தி ஒன்று உண்டு. அடுத்த வீட்டு மாயாண்டி மாமா போய்விட்டார். நீ வேலைக்குக் கிளம்பிய அன்று உன் பெட்டியைக் கேட் வரைக்கும் தூக்கி வந்தாரே, அவர்தான். இருமிக்கொண்டே இருந்தவர் ஒரு காலையில் இருமலை நிறுத்திவிட்டார். அவர் சாவைவிடப் பெரிய துன்பம் அதற்குப் பிறகுதான் வந்தது. அதை முழுசாக உனக்குச் சொல்ல வேண்டும். அப்பா வேண்டாம் என்கிறார். கடிதத்தைப் பிரித்துப் படிப்பார்களடி, வாயை வச்சிக்கிட்டு சும்மா இரு, பையன் வேலைக்கு ஆபத்து என்கிறார். இந்த முறை யாரும் பிரிக்க முடியாது, அது எப்படி என்பதைக் கடைசியில் எழுதுகிறேன்.

நம் மயானம் கம்பிவேலிக்கு வெளியே, தோட்டத்தின் பழைய டிவிசனைத் தாண்டி இருப்பது உனக்குத் தெரியும். ஒரு பிடி அரிசிகூட வேலியைத் தாண்டக் கூடாது, தாண்டினால் காட்டில் துப்பாக்கியோடு இருக்கிற கம்யூனிஸ்டுகளுக்குச் சோறு போடுகிறோம் என்று அர்த்தம், அதுதான் அவசரகாலச் சட்டம். நீயும் அங்கே பால் வாளியைக் கவிழ்த்துப் பார்த்துக்கொண்டுதானே நிற்கிறாய். நாங்கள் பால் வெட்டுக்குச் சோறு கட்டிக்கொண்டு போவதை விட்டு எத்தனையோ காலமாகிறது, வெறும் தேத்தண்ணியோடு வெயில் ஏறும்வரை வெட்டுகிறோம். அப்படிப் பழகிப்போன நாங்கள்தான் அன்றைக்குத் தப்புச் செய்தோம். பாடை கிளம்பும்போது மாமாவின் மகன் வீரப்பன் வாய்க்கரிசியை இடுப்பு மடியில் முடிந்துகொண்டான். சுற்றி நின்ற எங்களில் ஒருத்தருக்கும் அது அரிசி என்று தோன்றவில்லை. எப்படித் தோன்றும்? வாய்க்கரிசி என்றால் பெற்றவன் வாயில் பிள்ளை போடும் கடைசிக் கடன். கடைக்காரன் படியில் அளக்கிற சாமானா அது?

அன்றைக்கென்று நம் கேட்டைப் பார்த்துக்கொள்கிற கோப்ரல் யூசோப் இல்லை. மஸ்ஜித் தானாவில் மகள் கல்யாணம் என்று லீவு எடுத்துப் போயிருந்தார். அவர் இருந்திருந்தால் தொப்பியைக் கழற்றிக்கொண்டு ஒதுங்கி நின்றிருப்பார். புதிதாக மாற்றலாகி வந்த ஓர் இன்ஸ்பெக்டர் ஜீப்பில் வந்து கேட்டில் நின்றார். பாடையை இறக்கச் சொன்னார். அடையாளக் கார்டுகளைப் பார்த்தார், ஒவ்வொருவரையும் தடவிப் பார்த்தார், வீரப்பன் மடியில் அரிசி. யாருக்கு என்று கேட்டார். வீரப்பன் தனக்குத் தெரிந்த கடைத்தெரு மலாயில், அப்பா வாய்க்கு என்று சொல்லிப் பாடையைக் காட்டினான். அவன் தன்னைக் கேலி செய்கிறான் என்று இன்ஸ்பெக்டருக்குக் கோபம். பக்கத்தில் நம் காளிதாஸ் நின்றான். நம் மேட்டு லயத்துக் காளிதாஸ்தான், உன்னோடு ஒரே பெஞ்சில் படித்தவன், உன்னைப்போலவே ஸ்பெஷல் கான்ஸ்டபிள். அவனைப் பார்த்து, உங்கள் ஆட்களிடம் இப்படி ஒரு வழக்கம் உண்டா என்று இன்ஸ்பெக்டர் கேட்டார். அவன், எனக்குத் தெரியாது சார் என்றான். தன் அப்பன் வாயில் தன் கையாலேயே அரிசி போட்டவன் அவன். அவன் அப்பன் பாடைக்குத் தோள் கொடுத்தவர்களில் உன் அப்பாவும் ஒருவர்.

வீரப்பனை ஜீப்பில் ஏற்றி அலோர் காஜா போலீஸ் ஸ்டேஷனுக்குக் கொண்டுபோய்விட்டார்கள். பாடை ரோட்டில் கிடந்தது. கடைசியில் அப்பாதான் மகன் ஸ்தானத்தில் நின்று மாமாவுக்கு மண் தள்ளினார். வாய்க்கரிசி இல்லாமலே மூடிவிட்டார்கள். மறுநாள் தோட்டத்து ஆபீஸ் கிராணி வந்து வீரப்பன் பெண்டாட்டி வேலாயியிடம், பிடிபட்டவன் குடும்பத்துக்கு லயத்து வீட்டில் இடமில்லை, காலி பண்ணு என்றார். நிறைமாதக்காரி அவள், தம்பி. கேஸ் இல்லை, கோர்ட் இல்லை, இந்தச் சட்டத்தில் வருடக்கணக்காக உள்ளே வைக்கலாம், அப்புறம் கப்பலேற்றி அனுப்பலாம் என்றும் சொல்லிவிட்டுப் போனார். எங்கே அனுப்புவார்கள்? வீரப்பன் கைக்குழந்தையாகக் கப்பலில் வந்தவன். அந்தக் கரையில் அவனுக்குத் தெரிந்த முகம் ஒன்றுகூட இல்லை. நான் வேலாயியைக் கையைப் பிடித்து நம் வீட்டுக்குக் கூட்டி வந்தேன். இப்போது உன் கட்டில் அவளுடையது, கோபித்துக்கொள்ளாதே.

எனக்கு இன்ஸ்பெக்டர்மேல்கூட அவ்வளவு கோபம் இல்லை, அவருக்கு நம் சாவும் தெரியாது வாழ்வும் தெரியாது. தெரிந்தவன் தெரியாது என்றானே, அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. மறுநாள் காலை கேட்டில் என்னைச் சோதிக்க அழைத்தார்கள். என்னைத் தொட்டுப் பார்த்தது பெண்களைச் சோதிக்கவென்று வைத்திருக்கிற சீனப் பெண்தான், ஆனால் காளிதாஸ் பக்கத்தில் நின்றான். நான் முந்தானையை உதறிக் காட்டி, நல்லாப் பாத்துக்கப்பா காளிதாசு, உள்ளாற வாய்க்கரிசி இருக்கப் போவுது, உனக்குத்தான் தெரியாத சாமானாச்சே என்றேன். வரிசையே சிரித்தது. அதற்கு அடுத்த நாள் நான் வாயைத் திறப்பதற்குள் முன்னால் நின்றவள் சொன்னாள், எங்கிட்ட வாய்க்கரிசி இல்லப்பா. அவளுக்குப் பின்னால் நின்றவளும் சொன்னாள். பிறகு தினமும் அதுதான், ஒவ்வொருத்தியும் வாளியைக் கவிழ்த்து, வாய்க்கரிசி இல்லப்பா, வாய்க்கரிசி இல்லப்பா என்று சொல்லிவிட்டுத்தான் வெளியே போனாள். ஆண்கள் பயந்து தலையைக் குனிந்துகொண்டு போனார்கள். உன் அப்பா மூன்று நாள் என்னோடு பேசவில்லை.

கோப்ரல் யூசோப் திரும்பி வந்த காலையிலும் அதே சத்தம்தான். அவர் நம் தமிழைப் பிய்த்துப் பிய்த்துப் பேசுவாரே, அப்படியே என்னிடம், என்னா லா ஜானகி, நான் கல்யாணம் போச்சு, எல்லா பொம்பளையும் ஒரே பாட்டு பாடுது என்றார். நான் விஷயத்தைச் சொன்னேன். அவர் முகம் மாறிவிட்டது. நீ சொன்னா நான் கேப்பேன், ஆனா மேலே உக்காந்தவன் கேக்க மாட்டான், அன்னிக்கு யூனிஃபாம் போட்டு நின்னவன் சொல்லணும் லா என்றார். காளிதாஸைத் திட்டவில்லை, கூப்பிடவும் இல்லை. அவனைப் பார்த்துக்கொண்டே நின்றார். நாங்களும் பார்த்தோம். வெட்டுக்கு நேரமாகிறது என்று தண்டல் கத்தினான், ஒருத்தியும் நகரவில்லை.

அவனுக்கும் பயம் உண்டு தம்பி, அதை நான் இல்லை என்று சொல்லவில்லை. இரண்டு தங்கச்சிகள் கல்யாணத்துக்கு நிற்கிறார்கள். காட்டுக்காரர்கள் அவன் பெயரை எழுதி ரப்பர் மரத்தில் ஒட்டிவிட்டுப் போனார்கள், உடுப்பைக் கழற்று இல்லாவிட்டால் கழுத்து என்று. போன வருடம் பஸ்ஸைக் கொளுத்தியதும் அவர்கள்தான். காட்டில் இருக்கிறவனும் நம்மைக் கேட்டுத் துப்பாக்கியைத் தூக்கவில்லை, சட்டம் போட்டவனும் நம்மைக் கேட்டுப் போடவில்லை, இரண்டுக்கும் நடுவில் வாளியைக் கவிழ்த்துக் காட்டுவது நாம். இதெல்லாம் காளிதாஸுக்குத் தெரியும். தெரிந்தும் அன்றைக்கு அவன் துப்பாக்கியைக் கோப்ரல் கையில் கொடுத்தான், தொப்பியைக் கழற்றினான், நான் வரேன் டத்தோ, நானே சொல்றேன் என்றான். கோப்ரலைப் போய், பட்டம் வாங்கிய பெரிய மனுஷரைக் கூப்பிடுவதுபோல டத்தோ என்கிறான் பார், அவ்வளவு பதற்றம்.

இருவரும் அலோர் காஜா போனார்கள். பெரிய அதிகாரி முன்னால் காளிதாஸ், நான் பொய் சொன்னேன், அது எங்கள் வழக்கம், என் அப்பாவுக்கு நானும் போட்டேன் என்று சொன்னானாம். அந்த இன்ஸ்பெக்டரும் அங்கே இருந்தாராம். விசாரணை இழுத்துக்கொண்டு போனது, எங்களில் சிலரையும் கூப்பிட்டுக் கேட்டார்கள், நானும் போய்ச் சொன்னேன். கருமாதிக்கு முன்னால் வீரப்பனை விட்டுவிட்டார்கள். மெலிந்துதான் வந்தான், ஆனால் வந்தான். கிராணி இப்போது வேலாயியைப் பார்த்தால் வேறு பக்கம் போகிறார். இனி சாவு வீட்டிலிருந்து வாய்க்கரிசி போவதென்றால் தட்டில் வைத்துக் கேட்டில் காட்ட வேண்டும், ஒரு போலீஸ்காரர் மயானம் வரை கூட வருவார், அப்படி எழுதி வாங்கிவிட்டார் கோப்ரல். சட்டம் அப்படியேதான் இருக்கிறது, அதில் ஒரு பிடி அரிசி போகிற அளவுக்கு வழி விட்டிருக்கிறது. கடலோரப் பக்கம் செர்காம் வரைக்கும் கட்டுப்பாடுகளை எடுத்துவிடப் போகிறார்கள் என்றும் பேச்சு அடிபடுகிறது. எனக்கு நம்பிக்கை இருக்கிறது.

கருமாதி அன்று மாமா குழிமேட்டுக்குப் போனோம். வாய் மூடியாகிவிட்டது, மண்மேலாவது போடட்டும் என்று அப்பா சொன்னார். கூட வந்த போலீஸ்காரர் யார் தெரியுமா, காளிதாஸ்தான், அவனே கேட்டு வாங்கிக்கொண்டு வந்தான். அரிசித் தட்டை வேறு யாரிடமும் கொடுக்காமல் உடுப்போடு அவனே தூக்கி வந்து வீரப்பன் முன்னால் நீட்டினான். வீரப்பன் அள்ளி மண்மேல் போட்டான். போட்டுவிட்டு, நீயும் போடு, உனக்கும் மாமாதானே என்றான். அடுத்த வாரம் வேலாயிக்கு நம் வீட்டிலேயே பெண் பிறந்தது, கறுப்பாக, சத்தமாக, அச்சாக மாயாண்டி மாமா மாதிரி.

பொய் சொன்னதற்காகக் காளிதாஸை மாற்றிவிட்டார்கள். எங்கே என்று நினைக்கிறாய், உன் தாப்பாவுக்குத்தான். இந்தக் கடிதத்தையும் மாங்காய் ஊறுகாயையும் கொண்டு வருவது அவன்தான், அதனால்தான் யாரும் பிரிக்க முடியாது என்றேன். அவனைப் பற்றி எழுதியதை எல்லாம் அவனுக்கே படித்துக் காட்டினேன், முதுகுக்குப் பின்னால் பேசுகிற பழக்கம் எனக்கு இல்லை. ஒரே ஒரு திருத்தம் கேட்டான். தெரியாது சார் என்று தான் சத்தமாகச் சொல்லவில்லை, மெல்லத்தான் சொன்னதாக எழுதச் சொன்னான். எழுதிவிட்டேன். மெல்லச் சொன்னதற்கே ஒருத்தன் ஜீப்பில் ஏறிப் போனான் என்பதையும் அவன் எதிரிலேயே எழுதுகிறேன். அவனுக்குச் சோறு போடு, ஒரே அறையில் இருந்தால் இன்னும் நல்லது.

உன் கேட்டுக்கும் ஒரு நாள் பாடை வரும். உன்னையும் ஒருத்தர் கேட்பார். உங்கள் ஆட்களிடம் இது உண்டா என்று கேட்டால் உண்டு என்று சொல். வேலை போனால் வா, லயத்தில் இடம் இருக்கிறது, கட்டிலுக்கு மட்டும், பிள்ளை பெற்ற வேலாயி எழுந்திருக்கும் வரை காத்திரு. அதுவரைக்கும் அந்தத் தொப்பியைக் கொஞ்சம் மேலே தூக்கி வை தம்பி, போகிறவர்கள் வருகிறவர்கள் உன் கண்ணைப் பார்க்கட்டும்.

மாரியம்மன் உன்னையும் உன்னோடு காவல் நிற்கிற பிள்ளைகளையும் காக்கட்டும். நீ நீண்ட ஆயுசோடு இருக்க அப்பாவும் நானும் ஆசீர்வதிக்கிறோம். ஊறுகாய் ஜாடியைத் திருப்பி அனுப்ப மறக்காதே, அது வேலாயியுடையது.

உன்னைப் பெற்றவள்,
ஜானகி சாமிக்கண்ணு