மூன்றாவது படியில் ஓட்டை

கோட்டாறு,
12 ஜூன் 2023

என் சுஜிக்கு,

இங்கே மழை பிடித்துவிட்டது, மற்றபடி எல்லாரும் சுகம். சூரிச்சில் நல்ல மீன் கிடைக்காத குறை ஒன்றுதான் உனக்கு இருக்கும் என்று நினைக்கிறேன். நீ கடிதம் எழுதாத குறை உனக்கு இல்லை, எனக்குத்தான்.

கல்லூரியில் பாடம் நடத்திக்கொண்டே எட்டு வருஷமாக இழுத்தடித்த என் முனைவர் பட்டத்துக்கு ஒரு விடிவு பிறந்திருக்கிறது, ஏட்டி. மிகக் குறைந்த செலவு எங்கே என்று கணினி தேடும்போது, ஒவ்வொரு அடியும் கீழே இறங்கியே ஆகவேண்டும் என்று நாம் பிடிவாதம் பிடிக்கிறோம் அல்லவா? நான் நடுநடுவே கொஞ்சம் மேலே ஏற விடுகிறேன். எப்போது, எவ்வளவு ஏறலாம் என்பதற்கு ஒரு விதி கண்டுபிடித்திருக்கிறேன். வடசேரியிலிருந்து கிளம்பும் பஸ்களின் நேரத்தை வைத்துப் போட்டுப் பார்த்தேன். பழைய முறையில் அரைநாள் ஓடிய கணக்கு, நான் சோறு வடிப்பதற்குள் முடிந்துவிட்டது.

நிரூபணத்தையும் நிரலையும் அனுப்பியிருக்கிறேன். உங்கள் பல்கலைக்கழகத்துப் பெரிய கணினியில் ஓட்டிப் பார். எம்.எஸ்ஸி. காலத்து வழக்கம்தான்: ஓட்டை எந்தப் படியில் என்று மட்டும் சொல், என்ன ஓட்டை என்று சொல்லாதே. தேடுவது என் பாடு. டிசம்பருக்குள் ஆய்வேட்டைக் கொடுக்காவிட்டால் என் பதிவு ரத்தாகிவிடும்.

உன்
ரஸீனா


சூரிச்,
3 செப்டம்பர் 2023

அன்பு ரஸீனா,

தாமதத்துக்குத் திட்டாதே. இங்கே என் ஒப்பந்த வேலை முடியப்போகிறது, அடுத்தது எங்கே என்று தெரியாத அலைச்சல்.

சொல்லவே கஷ்டமாக இருக்கிறது. பெரிய கணக்குகளில் உன் முறை எங்கும் போய்ச் சேராமல் சுற்றிச் சுற்றி வருகிறது. நம் வழக்கப்படி சொல்கிறேன்: மூன்றாவது படியில் ஓட்டை. இதை அப்படியே கொடுத்து, தேர்வாளர்கள் முன்னால் அவமானப்படாதே. உன் மேல் உள்ள பாசத்தில்தான் சொல்கிறேன்.

என்றும் உன்
சுஜி


கோட்டாறு,
20 அக்டோபர் 2024

சுஜி,

நேற்று எங்கள் துறைத் தலைவர் ஜெபசீலன் சார் ஒரு கட்டுரையைக் கொண்டுவந்து என் மேஜையில் வைத்தார். "டீச்சர், இது ஒங்க கணக்குல்லா?" என்று கேட்டார். மேலே உன் பெயர் மட்டும் இருந்தது. பரிசும் கிடைத்ததாமே.

எவ்வளவு ஏறலாம் என்ற இடத்தில் 0.37 என்று ஒரு எண் வைத்திருக்கிறாய். நீண்ட சோதனைகளுக்குப் பிறகு தேர்ந்தெடுத்ததாக எழுதியிருக்கிறாய். அது நான் முதல் நாள் நிரலை ஓட்டிப் பார்க்கச் சும்மா போட்ட எண், சுஜி. மாற்ற மறந்துபோனேன். எடுத்ததை ஒருமுறை பார்த்தாவது எடுத்திருக்கக் கூடாதா?

மூன்றாவது படியில் ஓட்டையே இல்லை. உன் கட்டுரையிலும் அந்தப் படி எழுத்து மாறாமல் இருக்கிறது. நான் அதில் ஒரு வருஷம் முட்டிக்கொண்டு கிடந்தேன். டிசம்பர் போனது, பதிவும் போனது. உன்னைச் சந்தேகப்பட எனக்குத் தோன்றவே இல்லை. என் மூளையைத்தான் சந்தேகப்பட்டேன். வகுப்பில் சின்னக் கணக்கைக்கூட இரண்டு முறை சரிபார்த்துத்தான் பலகையில் எழுதினேன். பட்டம் போனதற்கு நான் அழவில்லை, அதற்குத்தான் அழுதேன்.

ஏன் செய்தாய்?

ரஸீனா


சூரிச்,
9 நவம்பர் 2024

என் ரஸீனாவுக்கு,

நீ கோபப்படுவது நியாயம். அப்போது என் கையில் ஒரு கட்டுரை இல்லாவிட்டால் பெட்டியைக் கட்டியிருப்பேன். உனக்கு நிரந்தர வேலை இருக்கிறது, வீடு இருக்கிறது, பட்டம் இல்லாவிட்டாலும் உன் வாழ்க்கை ஓடும் என்று நினைத்துவிட்டேன். அடுத்த கட்டுரையில் நம் இரண்டு பேர் பெயரும் வரும். இது சத்தியம்.

ஒரு உதவி மட்டும் செய். என் வேலையை நிரந்தரமாக்கும் குழு அடுத்த மாசம் கூடுகிறது. நிரூபணத்தின் ஐந்தாவது படி ஏன் செல்லும் என்று அவர்கள் கேட்கிறார்கள். எவ்வளவோ பார்த்துவிட்டேன், பிடிபடவில்லை. உனக்குத் தெரியும். நாலு வரி எழுதி அனுப்பு.

உன்
சுஜி


கோட்டாறு,
24 நவம்பர் 2024

முனைவர் சுஜி அவர்களுக்கு,

ஐந்தாவது படி ஏன் செல்லும் என்று எனக்குத் தெரியும். நாலு வரி போதாது, இரண்டு பக்கம் வேண்டும். அந்த இரண்டு பக்கத்தையும், போன வருஷம் ஜூனில் நான் உங்களுக்கு அனுப்பியதையும், நீங்கள் எனக்கு எழுதிய இரண்டு கடிதங்களையும் கட்டுரையை வெளியிட்ட இதழுக்கு அனுப்பிவிட்டேன். உங்களிடம் விளக்கம் கேட்பதாகப் பதில் வந்திருக்கிறது.

நேற்று குழித்துறையிலிருந்து உங்கள் அம்மா போன் செய்தார். பரிசு வாங்கும் படத்தைச் சர்ச் சபையில் எல்லாருக்கும் காட்டினாராம். "ஒனக்கும் சந்தோஷம்தானே மக்கா? அவ ஜெயிச்சா நீ ஜெயிச்ச மாதிரில்லா" என்றார். ஆமா அம்மா என்றேன். வேறென்ன சொல்ல? அந்தப் பொய்யை அவருக்காகச் சொன்னேன், உங்களுக்காக அல்ல. உண்மையை நீங்களே சொல்லிவிடுங்கள். என் வாயால் அவர் கேட்க வேண்டாம்.

இப்படிக்கு,
ரஸீனா பேகம்
உதவிப் பேராசிரியர், கணிதத் துறை