பூங்காப் பதிவேட்டில் பொறுப்பாளர் பெயரை மாற்றித் தரக் கோருவது

அனுப்புநர்:
இறந்த சிறுவனின் தாய் (தங்கள் கோப்பில் இப்படித்தான் குறிக்கப்பட்டிருக்கிறேன்),
எண் பதினொன்று, மாடிப் பகுதி,
சிறுவர் பூங்காவின் பின்தெரு.

பெறுநர்:
ஆணையர் அவர்கள்,
நகராட்சி அலுவலகம்.

பொருள்: சிறுவர் பூங்காவில் நடந்த விபத்து – பதினொரு வயதான என் மகளிடம், பொறுப்பாளர் என்ற முறையில் விளக்கம் கேட்கப்பட்டது – அடுத்த மாதம் ஆறாம் தேதி விசாரணை – அதற்கு முன் பதிவேட்டில் பெயரை மாற்றித் தர வேண்டுவது.

ஐயா,

வணக்கம். நான் ஒரு பத்திர எழுத்தர் கடையில் தட்டச்சு செய்கிறேன். பதினாறு வருடமாக மற்றவர்களின் மனுக்களை அடித்து வருகிறேன். எந்த மனுவிலும் முதல் பத்தியில் விஷயம் இருக்காது, அதிகாரிகள் அதைத் தாண்டித்தான் படிக்கத் தொடங்குவார்கள் என்று எங்கள் எழுத்தர் சொல்வார். ஆகவே விஷயத்தைக் கீழே தருகிறேன்.

1. எனக்கு இரண்டு குழந்தைகள். மூத்தவள் மகள். அவளுக்குப் பன்னிரண்டு வயது நிரம்ப இன்னும் பதினேழு நாட்கள் இருக்கின்றன. இளையவன் மகன். அவனுக்கு வயது ஐந்து, இனி ஏறாது. சென்ற மாதம் ஒரு வியாழக்கிழமை மாலை நான்கு நாற்பதுக்குத் தங்கள் பூங்காவின் சறுக்குமரத்து ஏணியிலிருந்து அவன் விழுந்தான். மூன்றாம் நாள் மருத்துவமனையில் இறந்தான். அவனைக் கவனிக்கத் தவறியது ஏன் என்று தங்கள் பூங்காப் பிரிவு என் மகளிடம் விளக்கம் கேட்டிருக்கிறது.

2. பூங்கா வாசலில் ஒரு பலகை இருக்கிறது. முதல் விதி: பன்னிரண்டு வயதுக்கு உட்பட்டவர்கள் பொறுப்பாளர் ஒருவருடன்தான் வர வேண்டும். இரண்டாம் விதி: பொறுப்பாளர்கள் விளையாட்டுச் சாதனங்களைப் பயன்படுத்தக் கூடாது. பலகைக்குக் கீழே மேசை, மேசையில் பதிவேடு, பதிவேட்டில் நூலால் கட்டிய பேனா.

3. எங்கள் தெருவில் பள்ளிக்கூடம் மூன்றரை மணிக்கு விடும். வேலைக்குப் போனவர்கள் ஏழு மணிக்கு முன் திரும்புவதில்லை. நான் ஏழே காலுக்கு வருவேன். என் கணவர் நெடுந்தூர லாரி ஓட்டுபவர். பதினைந்து நாளைக்கு ஒருமுறை வந்து இரண்டு நாள் தூங்குவார். மூன்றரைக்கும் ஏழுக்கும் நடுவில் பொறுப்பாளர் என்று ஒருவர் தெருவில் கிடையாது. இருந்தாலும் பூங்கா திறந்திருந்தது, பிள்ளைகளும் போய்க்கொண்டிருந்தார்கள். இதற்கு ஒரு வழி காணப்பட்டிருந்தது.

4. வழி என்னவென்றால், பிள்ளைகள் வாசல் தூணருகே முதுகோடு முதுகு ஒட்டி நின்று பார்ப்பார்கள். யார் உயரமோ அவர் அன்றைய பொறுப்பாளர். அவர் பதிவேட்டில் கையெழுத்திடுவார். பூங்காக் காவலர் கெட்டவர் அல்ல. "யாராச்சும் ஒருத்தர் எழுதுங்க கண்ணுங்களா, எனக்குக் கட்டம் நிரம்பினா போதும், மேலதிகாரி கட்டத்தத்தான் பாக்குறாரு" என்று சொல்லியிருக்கிறார். இது தெருவில் எல்லாருக்கும் தெரியும். எனக்கும் தெரியும்.

5. ஆனால் முதல் விதியில் காட்ட முடியாத கண்டிப்பைக் காவலர் இரண்டாம் விதியில் காட்டினார். கையெழுத்திட்டவர் அன்று விளையாட முடியாது. பச்சை சிமெண்ட் பெஞ்சில் உட்கார வேண்டும். மறந்துபோய் எழுந்தால், "ஏம்மா பொறுப்பாளர், எங்க போறீங்க? உக்காருங்க" என்று குரல் வரும். மற்ற பிள்ளைகளுக்கு அது பெரிய வேடிக்கை. என் மகளை வீட்டு வாசலிலும் "பொறுப்பாளரே" என்றுதான் கூப்பிட்டார்கள்.

6. என் மகள் பத்தரை வயதில் திடீரென்று நான்கு விரற்கடை வளர்ந்தாள். அன்றிலிருந்து முதுகு ஒட்டிப் பார்க்கும் வேலை இல்லாமல் போயிற்று. பதினான்கு மாதம் அவளே கையெழுத்திட்டாள். தம்பியின் செருப்பு, தண்ணீர்ப் பாட்டில், மற்றவர்களுடைய புத்தகப் பைகள், இவற்றோடு பெஞ்சில் இருந்தாள். வீட்டுப்பாடத்தை அங்கேயே முடித்துவிடுவாள். கையெழுத்து முத்துமுத்தாக ஆனது.

7. இதில் யாருக்கும் குறை தெரியவில்லை என்பதைப் பதிவு செய்ய விரும்புகிறேன். வீட்டுக்காரம்மா, "இவளுக்கு அம்பது வயசுப் பக்குவம். நீ குடுத்து வச்சவ" என்றார். பள்ளியில், இடைவேளையில் ஓடியாடாத மாணவி என்பதால் வகுப்புத் தலைவி ஆக்கினார்கள். என் கணவர் தொலைபேசியில் என்னிடம் பேசுவதற்கு முன் அவளிடம்தான், "வீடு எப்டிம்மா இருக்கு?" என்று கேட்பார். நான் கடைக்கு வருகிறவர்களிடம் அவளைப் பற்றிச் சொல்லிக்கொள்வேன். அவர்கள் தங்கள் பிள்ளைகளை நினைத்துப் பெருமூச்சு விடுவார்கள். அது எனக்குப் பிடித்திருந்தது.

8. சறுக்குமரத்து ஏணியில் ஐந்தாம் படி பல மாதங்களாக இல்லை. அந்த இடத்தில் ஒரு கயிறு கட்டப்பட்டிருந்தது. கட்டியவர் யாரென்று தெரியவில்லை. இதைக் குறித்துத் தங்கள் அறிவிப்பில் ஒன்றும் இல்லை. படிக்குக் கையெழுத்திட்டவர் எவரும் இல்லாததால், விளக்கம் கேட்க ஆள் கிடைக்காமல் போயிருக்கலாம்.

9. மருத்துவமனையில் மூன்றாம் நாள் காலை மருத்துவர் எங்களிடம் பேச வந்தார். வந்ததும் என் மகளைப் பார்த்து, "குழந்தைய வெளிய அனுப்புங்கம்மா. இதெல்லாம் அவ கேக்க வேணாம்" என்றார். அனுப்பினோம். நடைபாதையில் குடிநீர்க் குழாய் பக்கத்தில் ஒன்றரை மணி நேரம் இருந்தாள். தரை துடைக்க வந்த அம்மாள்தான் அவளிடம் சொல்லியிருக்கிறார். சொல்லிவிட்டு, "அம்மாவப் பாத்துக்கடா தங்கம். இனிமே அவங்களுக்கு நீதான்" என்று தலையைத் தடவியிருக்கிறார். அடுத்து வந்த நாட்களில் வீட்டுக்கு வந்தவர்களில் பதினொரு பேர் அவளிடம் அதையே சொன்னார்கள். நான் சுவரோரம் உட்கார்ந்திருந்தேன். வேறு வேலை இல்லாததால் எண்ணினேன்.

10. அடக்கம் முடிந்து இருபதாவது நாள் பதிவுத் தபால் வந்தது. உறையின் மேல் "திருமதி" என்று போட்டு என் மகளின் பெயர் இருந்தது. தபால்காரர் அவளிடம் கொடுக்க மறுத்துவிட்டார். "சின்னப் புள்ளைங்ககிட்ட குடுக்கக் கூடாதும்மா, விதி. பெரியவங்க யாராச்சும் கையெழுத்துப் போடுங்க" என்றார். நான் போட்டு வாங்கினேன். "தங்கள் பொறுப்பில் இருந்த சிறுவன்" என்று தொடங்கும் கடிதத்தை மகள் என் தோளுக்குப் பின்னால் நின்று படித்தாள். படித்துவிட்டு, "ஏழு நாள்தாம்மா குடுத்திருக்காங்க" என்றாள்.

11. பன்னிரண்டாம் தேதி இருவரும் விசாரணைக்கு வந்தோம். பூங்காப் பிரிவு எழுத்தர் பெயரை வாசித்ததும் மகள் எழுந்தாள். அவர் அவளுக்குப் பின்னால் இருந்த நாற்காலிகளைப் பார்த்தார்.

"அம்மா பேராம்மா இது?"

"இல்ல சார், என் பேருதான்."

அவர் கோப்பைப் பார்த்தார், அவளைப் பார்த்தார், இன்னொரு அறைக்குப் போய் விதிப் புத்தகத்தோடு வந்தார். பன்னிரண்டு வயதுக்கு உட்பட்டவரின் வாக்குமூலத்தைப் பொறுப்பாளர் முன்னிலையில்தான் வாங்க வேண்டும். கோப்பின்படி பொறுப்பாளர் அவளே. நான் இருக்கிறேனே என்றேன். "நீங்க சம்பவத்தன்னிக்குப் பதிவேட்டிலயே இல்லம்மா" என்றார். பெயரை எடுத்துவிடச் சொன்னேன். "அந்தக் கட்டம் காலியா இருக்க முடியாதும்மா. யாரோ ஒருத்தர் இருந்தே ஆகணும்" என்றார்.

12. அவர் இரக்கமுள்ளவர். மேசை இழுப்பறையிலிருந்து மகளுக்கு ஒரு மிட்டாய் கொடுத்தார். பிறகு என் பக்கம் குனிந்து, "பாப்பாவுக்குப் பன்னெண்டு எப்பம்மா முடியுது?" என்று கேட்டார். அடுத்த மாதம் நாலாம் தேதி என்றேன். அவர் முகம் தெளிந்தது. "அப்ப பிரச்சனையே இல்ல. ஆறாந்தேதி போட்டுடறேன். அன்னிக்கு மேடம் அவங்களே பதில் சொல்லிக்கலாம்" என்றார். மிட்டாய் இன்னும் அவள் கையில் பிரிக்காமல் இருந்தது.

13. வீட்டுக்கு வந்ததும் மகள் கணக்கு நோட்டிலிருந்து ஒரு தாளைக் கிழித்துத் தன் விளக்கத்தை எழுதினாள். அதைத் தாங்கள் பார்க்க வேண்டாம் என்பதால் இங்கே இணைக்கவில்லை. ஆனால் தங்களிடம் எதையும் மறைத்தேன் என்று இருக்கக் கூடாது. எனவே அதிலுள்ளதை என் கையெழுத்தின் கீழ் நானே சொல்கிறேன். அதிகாரிகளுக்கு எழுதும் கடிதம் என்றால் அவளுக்குப் பள்ளியில் சொல்லிக்கொடுத்த விடுப்புக் கடிதம் ஒன்றுதான் தெரியும். அந்த முறையிலேயே எழுதியிருக்கிறாள். அன்று காவலர் தேநீர் குடிக்கப் போயிருந்தார் என்றும், ஊஞ்சல் காலியாக இருந்தது என்றும் எழுதிவிட்டு, பின்வருமாறு முடித்திருக்கிறாள்:

"ஆகையால் நான் அன்று மாலை நான்கு முப்பத்தேழு முதல் மூன்று நிமிடங்கள் மட்டும் விடுப்பு எடுத்துக்கொண்டேன். முன்கூட்டியே தெரிவிக்காததற்கு மன்னிக்குமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்."

14. இதைப் படிக்கும்வரை ஊஞ்சல் விஷயம் எனக்குத் தெரியாது. இதுவரை அவளிடம் அதைப் பற்றி நான் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை. பள்ளிக்குப் போகிறாள், வருகிறாள். எனக்குச் சோறு போட்டுத் தருகிறாள். நான் சாப்பிட்டு முடிக்கும்வரை எதிரில் உட்கார்ந்து என் தட்டையே பார்த்துக்கொண்டிருக்கிறாள்.

15. மூடியிருந்த பூங்காவை இப்போது திறந்துவிட்டார்கள். போன சனிக்கிழமை அந்த வழியாக வந்தேன். ஐந்தாம் படியின் இடத்தில் புதுக் கயிறு கட்டியிருக்கிறார்கள். பெஞ்சில் பைகளோடு தெருக்கோடி வீட்டு நர்ஸின் மகள் இருந்தாள். அவளுக்கு வயது ஒன்பது. மற்றவர்களைவிடச் சற்று உயரம்.

16. ஆறாம் தேதி என் மகள் தங்கள் அலுவலகத்தில் எழுந்து நின்றால், கேட்ட கேள்விக்கெல்லாம் ஒழுங்காகப் பதில் சொல்வாள். எல்லாவற்றையும் ஒப்புக்கொள்வாள். எங்கே கையெழுத்துப் போடச் சொன்னாலும் போடுவாள். பதினான்கு மாதம் அதில் பழக்கம் இருக்கிறது. அவள் போடும் அந்தக் கையெழுத்தைப் பிறகு எந்த அலுவலகத்தாலும் அவளிடமிருந்து எடுக்க முடியாது. அதற்காகவே நாலாம் தேதிக்கு முன் தங்களிடம் வருகிறேன்.

எனவே கீழ்க்கண்டவற்றைச் செய்து தர வேண்டுகிறேன்.

(அ) ஆறாம் தேதி விசாரணையை என் மகள் பேரில் நடத்தாமல், என் பேரில், நாலாம் தேதிக்கு முன்னால் நடத்த வேண்டும். எந்த நேரமானாலும் வருகிறேன். கடையில் சொல்லிவிட்டேன்.

(ஆ) சம்பவத்தன்றைய பதிவேட்டில் பொறுப்பாளர் கட்டத்தில் உள்ள பெயரை அடித்துவிட்டு என் பெயரை எழுத வேண்டும். அது காலியாக இருக்க முடியாது என்பதை ஏற்றுக்கொள்கிறேன். நான்கு நாற்பதுக்கு நான் கடையில் ஒரு வாடகை ஒப்பந்தம் அடித்துக்கொண்டிருந்தேன். கவனிக்கத் தவறியது ஏன் என்ற கேள்விக்கு அதுவே என் விளக்கம். சுருக்கொப்பம் போட்டு, அடித்த இடத்தில் தேதியிட்டுத் தந்தால் போதும், அது செல்லும்.

(இ) அதே வரியின் கடைசிக் கட்டத்தில், "விளையாட வந்த குழந்தைகள்" என்ற தலைப்பின் கீழ் எங்கள் வீட்டுக்கு 1 என்று என் மகள் கையால் எழுதியிருக்கிறது. அதை 2 என்று திருத்தித் தர வேண்டும்.

நாள்: பதினேழாம் தேதி, செவ்வாய்க்கிழமை.
இடம்: வேலை செய்யும் கடை.

இப்படிக்கு,
(கையொப்பம்)
அந்த இரண்டு குழந்தைகளின் தாய்