குன்று காலியா?

மே 6
கூட்டாளி நாட்டுப் படை வந்து இறங்கிவிட்டது. நம் முகாம் ஆட்கள் எல்லோரும் அவர்களுடைய ஒரு லாரியின் நிழலிலேயே அடங்கிவிடுவார்கள். ஆனால் இரண்டு படைக்கும் சமையல் நான்தான்!

அவர்கள் கேப்டன் ஒரு நெட்டைக்கொக்கு. நான் சுட்ட பாலாடைக்கட்டி அடுக்கு ரொட்டிக்குத் தட்டை நீட்டி, "இன்னும் பியூரெக் இருக்கா?" என்று நம் மொழியில் தடுமாறிக் கேட்டார். இருக்கு ராசா என்று தலையை இடமும் வலமும் ஆட்டினேன். முகம் சுருங்கித் திரும்பிப் போய்விட்டார். அவர்கள் ஊரில் அப்படி ஆட்டினால் 'இல்லை'யாம்; மேலும் கீழும் ஆட்டினால்தான் 'ஆமாம்'. மொழிபெயர்ப்பாளன் பிளெடி சொன்னபோது சிரித்துச் சிரித்து வயிறு வலித்தது.

மே 7
இன்றும் ஆட்டினேன். பாவம் கொக்கு. பிறகு நானே இரண்டு துண்டு கொண்டுபோய் வைத்தேன்.

மே 8
நாளை பயிற்சிக்காகக் குன்றின்மேல் பீரங்கி சுடுகிறார்கள். ஆடு மேய்ப்பவர்கள் முன்னாடியே இறங்கிவிட வேண்டும். ஆடு மேய்க்கும் என் வீட்டுக்காரர் ராப்போவிடம் சொன்னேன். "உன் சூப்பையே தாங்கிட்டேன், பீரங்கி என்னடி செய்யும்?" என்கிறார். கொழுப்பு.

மே 9
இன்று நடந்ததை எழுதிவிடுகிறேன்.

காலையில் ஆடுகள் இறங்கின. ராப்போ வரவில்லை. மணி கட்டிய கிடா வழிதவறிவிட்டதாம், தேடி மறுபடி மேலே போயிருக்கிறார். நம் சார்ஜெண்ட் பாஷ்கிமிடம் ஓடினேன்.

"பயப்படாதக்கா. உன் ஆள் இறங்காம ஒரு குண்டும் போகாது."

பிளெடி வேறு பக்கம் போயிருந்தான். கேப்டன் தூரத்திலிருந்து, "குன்று காலியா?" என்று கத்தினார். பாஷ்கிம் தலையை மேலே வெட்டி நாக்கைச் சொடுக்கினார். நம் ஊரில் அது 'இல்லை'. கேப்டன் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டிவிட்டு ரேடியோவை எடுத்தார். புரிந்துகொண்டார் என்று பாஷ்கிமும் திரும்பிவிட்டார்.

ஐயோ, அந்த பியூரெக்! மூணு நாளா சிரிச்சேனே, பாவி—

அகப்பையோடு ஓடினேன். "நோ! நோ!" அவர்கள் பேச்சில் எனக்குத் தெரிந்தது அது ஒன்றுதான். ரேடியோவையே தட்டிவிட்டேன். "என் புருஷன்டா மேல!" கொக்கு சுண்ணாம்பாய் வெளுத்துப்போனது.

கொஞ்ச நேரம் கழித்து ராப்போ வந்தார், கிடாவைத் தோளில் போட்டுக்கொண்டு. "என்ன, ஒரே அமைதியா இருக்கு? இன்னைக்குச் சுடலையா?"

மே 10
கேப்டன் உத்தரவு: யாரும் தலையால் பதில் சொல்லக் கூடாது, வாயால்தான். பாஷ்கிம் கழுத்தை விறைத்துக்கொண்டு மாப்பிள்ளை மாதிரி நிற்கிறார்.

மே 11
சாப்பிடும்போது கேட்டேன், இனி சுடுற நாளில் மேலே போவீரா என்று. ராப்போ தலையை மேலே வெட்டினார்.

"வாயைத் திறந்து சொல்லு மனுஷா."

"போகமாட்டேன்டி."

"கிடா வழிதவறிட்டாலுமா?"

வெளியே கட்டியிருந்த கிடாவை ஒருமுறை எட்டிப் பார்த்தார். "தவறிட்டாலும்."